பிராதில் விட்டுப்போன வரி: திருத்த வாய்ப்பு எதுவரை?

மும்பையில் வேலை பார்க்கும் ஒருவருக்கு நெல்லைச் சீமையில் கொஞ்சம் பூர்வீக நிலம் இருக்கிறது என்று வைத்துக் கொள்வோம். பத்து நாள் லீவில் ஊருக்குப் போகிறார். பக்கத்து நிலத்துக்காரர் வரப்பை வெட்டிவிட்டார். எல்லைக் கல்லையும் காணோம். ஊர்ப் பெரியவர்களை வைத்துப் பேசிப் பலன் இல்லை. லீவு முடிய மூன்று நாள்தான் இருக்கிறது. அவசரமாக ஒரு வக்கீலைப் பார்க்கிறார். "என் சுவாதீனத்தில் உள்ள நிலத்தில் எதிரி நுழையக் கூடாது" என்று தடை உத்தரவு கேட்டு முனிசீப் கோர்ட்டில் பிராது தாக்கலாகிறது. காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டுவிட்டு அவர் ரெயில் ஏறிவிடுகிறார்.

ஆறு மாதம் கழித்து ஊரில் இருந்து தகவல் வருகிறது. எதிரி நிலத்தில் இறங்கி உழுது விதைத்தே விட்டாராம்.

இப்போது கையில் இருக்கும் வழக்கு எதற்கு உதவும்? "நுழையாதே" என்று தடுக்கத்தான் அவர் கேட்டிருக்கிறார். நுழைந்தவரை வெளியேற்றி நிலத்தை மீட்டுத் தரும்படி கேட்கவில்லை. நிலம் தமக்கே பாத்தியப்பட்டது என்று விளம்பும்படியும் கேட்கவில்லை. இந்த இரண்டும் இல்லாத பிராதை வைத்துக் கொண்டு பத்து ஆண்டு வழக்காடினாலும் நிலம் திரும்பி வராது.

பிராதைத் திருத்தலாமா என்றால், திருத்தலாம். ஆனால் எதுவரை திருத்தலாம் என்பதில்தான் இத்தகைய வழக்குகளின் முடிவு அடங்கியிருக்கிறது. இந்தக் கேள்விக்கு 2002-ம் ஆண்டுக்கு முன்பு ஒரு பதில். அதற்குப் பின்பு வேறு பதில். இந்த மாற்றத்தை அறியாமல் வழக்கு நடத்துகிறவர்களில், ஊரை விட்டுத் தொலைவில் பிழைப்பவர்களே அதிகம் பாதிக்கப்படக் கூடியவர்கள்.

கேட்டதை மட்டும் கொடுக்கும் கோர்ட்டு

சிவில் கோர்ட்டு தானாக உண்மையைத் தேடிக் கொண்டு போவது இல்லை. வாதி பிராதில் என்ன சொன்னார், பிரதிவாதி பதில் மனுவில் என்ன சொன்னார் என்பதையே அது பார்க்கும். இருவரும் மோதும் இடங்களை எடுத்து, "தீர்மானிக்க வேண்டிய கேள்விகள்" என்று வரையும். கோர்ட்டு வழக்கத்தில் இவற்றுக்கு எழுவினாக்கள் என்று பெயர். சாட்சியமும் தீர்ப்பும் அந்தக் கேள்விகளைச் சுற்றியே நடக்கும். பிராதில் சொல்லாத விஷயத்துக்கு எத்தனை சாட்சிகளைக் கூட்டி வந்தாலும், அந்தச் சாட்சியத்தைக் கோர்ட்டு கணக்கில் எடுத்துக் கொள்ளாது.

ஆகவே பிராதில் நேரும் பிழை வழக்கின் அஸ்திவாரத்தில் நேரும் பிழை. சர்வே எண் ஒன்று மாறி விழுந்திருக்கும். ஏக்கர், சென்ட் கணக்கு தவறியிருக்கும். நான்கு எல்லைகளில் கிழக்கும் மேற்கும் இடம் மாறியிருக்கும். வழக்கு நடக்கும்போதே புதிய சம்பவம் நேர்ந்திருக்கும். எல்லாவற்றையும் விட ஆபத்தானது, கேட்க வேண்டிய பரிகாரத்தைக் கேட்காமல் விடுவது.

நிலத்தின் பாத்தியதையையே எதிரி மறுக்கும்போது வெறும் தடை உத்தரவு மட்டும் கேட்டால் போதாது. உரிமையை விளம்பும்படியும் கேட்க வேண்டும் என்று 2008-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டு விளக்கமாகத் தீர்ப்புக் கூறியது. சுவாதீனமும் பறிபோய் இருந்தால் அதை மீட்டுத் தரும்படியும் கேட்க வேண்டும். உரிமையை மட்டும் விளம்பக் கேட்டு, கேட்கக் கூடிய மற்றப் பரிகாரத்தைக் கேட்காமல் விட்டால், உரிமையையும் விளம்பக் கூடாது என்று குறித்தவகைப் பரிகாரச் சட்டத்தின் 34-வது பிரிவு சொல்கிறது.

நூறாண்டு கண்ட விதி

குற்றவியல் சட்டங்கள் 1-7-2024 முதல் புதிய பெயருடன் வந்துவிட்டன. ஆனால் சிவில் வழக்குகளை நடத்துவது இன்றும் 1908-ம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டமே. அதன் 6-வது கட்டளை, 17-வது விதிதான் பிராதையும் பதில் மனுவையும் திருத்த இடம் கொடுக்கிறது. வழக்கின் எந்தக் கட்டத்திலும் திருத்தத்தைக் கோர்ட்டு அனுமதிக்கலாம். இரு தரப்புக்கும் இடையே உள்ள உண்மையான பிரச்சினையைத் தீர்க்கத் தேவையான திருத்தங்களைச் செய்தாக வேண்டும் என்பதே அதன் சாரம்.

இந்த விதியைத் தாராளமாகக் கையாள வேண்டும் என்று வழிகாட்டியதில் பம்பாய் ஐகோர்ட்டுக்குப் பெரும் பங்கு உண்டு. எதிர்த்தரப்புக்கு அநீதி நேராமல், உண்மைப் பிரச்சினையைத் தீர்க்க உதவும் திருத்தம் எல்லாவற்றையும் அனுமதிக்கலாம் என்று 1909-ம் ஆண்டிலேயே அது கூறியது. 1957-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டும் அதை ஏற்றுக் கொண்டது.

1969-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்த ஒரு வழக்கு இதற்கு நல்ல உதாரணம். மரம் விற்ற பாக்கிக்காக ஒரு வியாபாரி வழக்குத் தொடுத்தார். தம் பெயரில் தொடுக்காமல், குடும்பம் நடத்தி வந்த கடையின் பெயரில் தொடுத்துவிட்டார். திருத்த அனுமதித்தது கீழ்க் கோர்ட்டு. ஐகோர்ட்டு அதை ரத்து செய்தது. சுப்ரீம் கோர்ட்டு திருத்தத்தை மீண்டும் அனுமதித்தது. நடைமுறை விதிகள் நீதிக்குப் பணிவிடை செய்யத்தான் இருக்கின்றன. ஒரு தவறு, ஒரு கவனப் பிசகு என்பதற்காக நியாயமான பரிகாரத்தை மறுத்துவிடக் கூடாது என்பது அந்தத் தீர்ப்பின் கருத்து.

விதியை எடுத்ததும் திரும்பக் கொடுத்ததும்

தாராளத்துக்கு மறுபக்கமும் உண்டு. வழக்கை இழுத்தடிக்க விரும்புகிறவருக்குத் திருத்த மனு வசதியான ஆயுதம் ஆயிற்று. சாட்சி கூண்டில் ஏறும் நாளில் ஒரு திருத்த மனு; அதற்கு எதிர்மனு; வாய்தா; உத்தரவு வந்ததும் ஐகோர்ட்டில் சீராய்வு மனு. இப்படி ஒரே மனுவில் ஆண்டுகள் ஓடின.

இதற்கு முடிவு கட்ட மத்திய அரசு 1999-ம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தில் 17-வது விதியையே எடுத்துவிட்டது. நாடெங்கும் வக்கீல்கள் எதிர்ப்புத் தெரிவித்தனர். அந்தச் சட்டம் அப்போது அமலுக்கு வரவில்லை. பிறகு 2002-ம் ஆண்டு மற்றொரு திருத்தச் சட்டம் வந்தது. எடுத்த விதி திரும்ப வந்தது. ஆனால் ஒரு பூட்டோடு வந்தது.

விசாரணை தொடங்கிவிட்டால் திருத்தத்தை அனுமதிக்கக் கூடாது. உரிய சிரத்தை எடுத்துக் கொண்டும் அந்த விஷயத்தை விசாரணைக்கு முன்பு எழுப்ப முடியவில்லை என்று கோர்ட்டு முடிவுக்கு வந்தால் மட்டுமே அனுமதிக்கலாம் என்பதுதான் அந்தப் பூட்டு. 1-7-2002 முதல் இது அமலில் உள்ளது.

இந்த மாற்றங்களை எதிர்த்துச் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது தமிழ்நாட்டின் சேலம் வக்கீல் சங்கம் என்பது குறிப்பிடத்தக்கது. 2-8-2005 அன்று வந்த தீர்ப்பு புதிய நிபந்தனையை ஏற்றுக் கொண்டது. எந்தக் கட்டத்திலும் அனுமதிக்கலாம் என்று கோர்ட்டுக்கு இருந்த அதிகாரம் ஓரளவு குறைகிறது. வழக்கை இழுத்தடிக்கும் மனுக்களைத் தடுப்பதே அதன் நோக்கம் என்று கோர்ட்டு கூறியது.

2002-ம் ஆண்டு மாற்றத்துக்கு முன் தாக்கலான பிராதுக்கும் பதில் மனுவுக்கும் இந்த நிபந்தனை பொருந்தாது என்று 2006-ம் ஆண்டு தீர்ப்பு ஒன்று தெளிவுபடுத்தியது. தாத்தா காலத்து வழக்கைச் சுமப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

விசாரணை தொடங்குவது எப்போது?

பலரும் ஏமாறும் இடம் இது. சாட்சி கூண்டில் ஏறிக் குறுக்கு விசாரணைக்கு நிற்கும் நாளில்தான் விசாரணை தொடங்குகிறது என்று சாதாரண மக்கள் நினைக்கிறார்கள். அப்படி அல்ல.

இப்போது முதல் விசாரணை சாட்சியத்தை வாயால் சொல்லாமல் பிரமாணப் பத்திரமாகவே தாக்கல் செய்கிறார்கள். அந்தப் பத்திரம் தாக்கலானாலே விசாரணை தொடங்கிவிட்டது என்று 2008-ம் ஆண்டு கர்நாடக வழக்கு ஒன்றில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. எழுவினாக்கள் வரையப்பட்டு, சாட்சியத்துக்கு வழக்கு தள்ளி வைக்கப்பட்டதுமே தொடங்கிவிடுகிறது என்று கருதிய 2006-ம் ஆண்டுத் தீர்ப்பும் உண்டு. எனவே எழுவினாக்கள் வரையப்படும் நாளைத்தான் கடைசிப் பஸ் என்று கொள்வது பத்திரமானது.

நிலத்தைப் பறிகொடுத்தவருக்குக் கிடைத்த வாய்ப்பு

தொடக்கத்தில் சொன்ன மும்பைக்காரரின் நிலைமைக்கு மிக நெருங்கிய வழக்கு ஒன்று, தமிழ்நாட்டில் இருந்தே சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. விவசாய நிலத்துக்குத் தடை உத்தரவு கேட்டு 1988-ம் ஆண்டு தொடுத்த வழக்கு அது. வழக்கு நடக்கும்போதே, 1989 ஜனவரியில் எதிரி தம்மைப் பலவந்தமாக வெளியேற்றிவிட்டார் என்றார் வாதி. ஆனால் உரிமை விளம்பலும் சுவாதீன மீட்பும் சேர்க்கும்படி அவர் மனுப் போட்டது 1999-ம் ஆண்டில்தான். பிராது தாக்கலாகிப் பதினோரு ஆண்டு ஆகியிருந்தது.

கீழ்க் கோர்ட்டு மறுத்தது, ஐகோர்ட்டும் மறுத்தது. 2002 செப்டம்பரில் சுப்ரீம் கோர்ட்டு அனுமதித்தது. எத்தனை ஆண்டு ஆயிற்று என்பதை விட, வழக்கு எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதே முக்கியம். விசாரணை இன்னும் தொடங்கவில்லை. வாதியைப் புதிய வழக்குப் போடச் சொல்வதால் வழக்குகள் பெருகுமே தவிரப் பயன் இல்லை என்பது காரணம்.

ஆனால் கோர்ட்டு ஒரு நிபந்தனை விதித்தது. பொதுவாகத் திருத்தம் பிராது தாக்கலான நாளில் இருந்தே இருந்ததாகக் கருதப்படும். இந்த வழக்கில் அப்படி இல்லை. புதிய கோரிக்கைகள் திருத்த மனு போட்ட நாளில் கேட்டதாகவே கொள்ளப்படும் என்று கோர்ட்டு கூறிவிட்டது. பாத்தியதையின் பேரில் நிலத்தை மீட்கக் காலவரம்பு, எதிரியின் சுவாதீனம் உரிமைக்குப் பாதகமாக மாறிய நாளில் இருந்து பன்னிரண்டு ஆண்டு. வாதி சொன்ன 1989 ஜனவரியில் இருந்து எண்ணினால், 1999-ல் போட்ட மனு வரம்புக்குள் அடங்குகிறது. இன்னும் இரண்டு ஆண்டு சும்மா இருந்திருந்தால் கதையே வேறு.

திருத்த முடியாதவை

ஒரு முறை ஒப்புக் கொண்டதைத் திருத்தத்தின் பெயரால் விழுங்கிவிட முடியாது. 1976-ம் ஆண்டு மோடி நூற்பாலை வழக்கு இதற்குச் சான்று. வாதி தங்கள் சரக்கை இருப்பு வைத்து விநியோகிப்பவர் என்று பதில் மனுவில் ஒப்புக் கொண்ட ஆலை, மூன்று ஆண்டு கழித்து அவர் வெறும் ஏஜெண்டு என்று மாற்றப் பார்த்தது. வாதி கையில் இருக்கும் ஒப்புதலை இப்படிப் பறிக்க முடியாது என்று சுப்ரீம் கோர்ட்டு மறுத்துவிட்டது. ஆகவே பதில் மனு போடுகிறவரும் ஒவ்வொரு வரியையும் யோசித்தே எழுத வேண்டும்.

வழக்கின் அடிப்படைத் தன்மையையே மாற்றும் திருத்தமும் கூடாது. அதே கோரிக்கைக்கு இன்று தனி வழக்குப் போட்டால் காலம் கடந்துவிட்டது என்று தள்ளுபடியாகும் நிலை இருந்தால், பொதுவாகத் திருத்தமும் மறுக்கப்படும். எதிரிக்கு நேரும் பாதிப்பைப் பணத்தால் ஈடு செய்ய முடியுமா, மனுவில் நல்லெண்ணம் இருக்கிறதா என்பதும் பார்க்கப்படும். இவற்றை 2009-ம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றில் சுப்ரீம் கோர்ட்டு தொகுத்துக் கொடுத்திருக்கிறது.

இரண்டு தீர்ப்புகள், இரண்டு முடிவுகள்

அண்மையில் வந்த இரண்டு தீர்ப்புகளை அருகருகே வைத்துப் பார்த்தால் விஷயம் விளங்கும்.

முதலாவது மும்பை வழக்கு. சொத்து ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரும்படி, ஆயுள் இன்சூரன்ஸ் கார்ப்பரேஷன் மீது பம்பாய் ஐகோர்ட்டில் 1986-ம் ஆண்டு வழக்குத் தாக்கலாயிற்று. ஒப்பந்தப்படி கிடைக்காவிட்டால் ரூ.1 கோடியே 1 லட்சம் நஷ்டஈடு என்று அதில் கேட்டிருந்தார்கள். முப்பத்தொரு ஆண்டு கழித்து, 2017-ல், அந்தத் தொகையை ரூ.400 கோடியே 1 லட்சமாகத் திருத்தக் கேட்டார்கள். 2022 செப்டம்பரில் சுப்ரீம் கோர்ட்டு அதை அனுமதித்தது. நஷ்டஈட்டுக் கோரிக்கை ஏற்கெனவே பிராதில் இருந்தது. வழக்கின் தன்மை மாறவில்லை. அதைப் பெற வாதிக்குத் தகுதி உண்டா என்பதை விசாரணையில் பார்த்துக் கொள்ளலாம் என்பது நிலை.

இரண்டாவது, கர்நாடகத்தில் இருந்து வந்த பாகப்பிரிவினை வழக்கு. 2004-ம் ஆண்டு சமரச டிக்ரி ஒன்று செல்லாது என்று விளம்பும்படி புதிய கோரிக்கையைச் சேர்க்க, வழக்கு வாதத்துக்கு வந்துவிட்ட கட்டத்தில் மனுப் போட்டார்கள். கவனக் குறைவால் விட்டுப் போயிற்று என்பதே சொன்ன காரணம். ஐகோர்ட்டு அனுமதித்தும், 2024 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட்டு அதை ரத்து செய்தது.

முப்பத்தொரு ஆண்டுத் தாமதம் மன்னிக்கப்பட்டது. அதை விடக் குறைந்த தாமதம் மன்னிக்கப்படவில்லை. முரண்பாடு போலத் தோன்றும். ஆனால் முதல் வழக்கில் இருந்த கோரிக்கை பெருகியது. இரண்டாவதில் இல்லாத கோரிக்கை விசாரணைக்குப் பின் நுழையப் பார்த்தது. "மறந்துவிட்டோம்" என்பது விசாரணைக்குப் பின் காரணமாகாது என்பதே 2024-ம் ஆண்டுத் தீர்ப்பு சாதாரண வழக்காளிக்குச் சொல்லும் செய்தி.

தொலைவில் இருப்பவர் பாடு

புதிய நிபந்தனையின் நோக்கத்தைக் குறை சொல்ல முடியாது. நாட்டின் கீழ்க் கோர்ட்டுகளில் ஒரு கோடிக்கும் மேற்பட்ட சிவில் வழக்குகள் தேங்கிக் கிடக்கின்றன. ஆளுக்கு இரண்டு திருத்த மனு என்றால் எந்த வழக்கும் கரை சேராது.

ஆனால் அதன் பாரம் எல்லோர் தலையிலும் சமமாக விழவில்லை. உள்ளூரில் இருப்பவர் வாரம் ஒரு முறை வக்கீலைப் பார்க்கிறார். எதிரியின் பதில் மனுவில் ஓட்டை தெரிந்ததும் உடனே திருத்துகிறார். தாராவியிலோ செம்பூரிலோ இருப்பவர் வக்கீலைப் பார்ப்பது ஆண்டுக்கு ஒரு முறை, கோவில் கொடையை ஒட்டி. நிலம் எந்த ஊர் எல்லையில் இருக்கிறதோ அந்தக் கோர்ட்டில்தான் நில வழக்கை நடத்த முடியும் என்பதால் வேறு வழியும் இல்லை. பதில் மனு வந்து, எழுவினாக்கள் வரைந்து, பிரமாணப் பத்திரமும் தாக்கலான பிறகே பல வேளைகளில் அவருக்குப் பிராதில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரிகிறது.

உரிய சிரத்தை என்றால், தம் காரியத்தில் நிதானமுள்ள ஒரு மனிதர் காட்டும் அக்கறை என்று 2008-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டு விளக்கியது. ஆயிரத்து ஐந்நூறு கிலோ மீட்டருக்கு அப்பால் ஷிப்டு வேலை பார்ப்பவரின் சிரத்தையையும், கோர்ட்டு வாசலில் குடியிருப்பவரின் சிரத்தையையும் ஒரே தராசில் நிறுத்துவது நியாயம் ஆகாது. நிபந்தனையின் வார்த்தைகளிலேயே இந்த வேறுபாட்டைப் பார்க்க இடம் இருக்கிறது. கோர்ட்டுகள் அந்த இடத்தைப் பயன்படுத்த வேண்டும். அதே சமயம், தொலைவில் இருந்தேன் என்ற ஒரே காரணத்தை நம்பி எவரும் சும்மா இருந்துவிடவும் கூடாது.

இப்போதே செய்ய வேண்டியவை

பிராதில் கையெழுத்து இடுகிறவர், அதில் உள்ளவை உண்மை என்று உறுதிமொழியும் பிரமாணப் பத்திரமும் கொடுக்கிறார். படிக்காமல் போட்ட கையெழுத்து என்று பிறகு சொன்னால் எடுபடாது. ஆகவே பிராதின் நகலை வாங்கி, தமிழில் வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்க வேண்டும். சர்வே எண், பரப்பு, நான்கு எல்லை, எல்லோருடைய பெயர், கடைசிப் பக்கத்தில் உள்ள கோரிக்கைகள் ஆகிய ஐந்தையும் பத்திரத்தோடும் பட்டாவோடும் ஒத்துப் பார்க்க வேண்டும்.

எதிரியின் பதில் மனு நகலையும் கேட்டு வாங்க வேண்டும். பதில் மனுவுக்கு முப்பது நாள், நீட்டித்தால் தொண்ணூறு நாள் என்பது சட்டத்தின் கணக்கு. பிராதின் ஓட்டையை முதலில் காட்டிக் கொடுப்பது எதிரியின் பதில் மனுதான். நிலத்தில் புதிதாக எது நடந்தாலும் அன்றே வக்கீலுக்கு எழுத்தில் தெரிவித்து நகல் வைத்துக் கொள்வது நல்லது. சிரத்தை எடுத்ததற்கு அதுவே சாட்சி.

வழக்கு எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று அறிய இப்போது ஊருக்குப் போக வேண்டியது இல்லை. ஒவ்வொரு வழக்குக்கும் பதினாறு இலக்கத்தில் சி.என்.ஆர். எண் உண்டு. அதைக் கொண்டு செல்போனிலேயே வாய்தா தேதியைப் பார்க்கலாம்.

திருத்த அனுமதி கிடைத்தாலும் வேலை முடிவது இல்லை. உத்தரவில் சொன்ன கெடுவுக்குள், கெடு சொல்லாவிட்டால் பதினான்கு நாளுக்குள், பிராதைத் திருத்த வேண்டும். தவறினால் கோர்ட்டு கெடுவை நீட்டித்தால்தான் உண்டு. கூடுதல் கோர்ட்டுக் கட்டணமும், எதிரிக்குச் செலவுத் தொகையும் கட்ட நேரலாம். வடிவிலேயே கோளாறு உள்ள வழக்கானால், புதிய வழக்குப் போட அனுமதி பெற்று வாபஸ் வாங்கும் வழியும் உண்டு. அனுமதி பெறாமல் வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்குத் திரும்ப வழக்குப் போட முடியாது.

வக்கீல் பீசுக்கு வழி இல்லாதவர்களுக்கும் கதவு அடைக்கப்படவில்லை. 1987-ம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி தொழிற்சாலைத் தொழிலாளர்களுக்கும், பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினருக்கும் வருமான வரம்பு இன்றி இலவச சட்ட உதவி உண்டு.

முப்பது ஆண்டு மில்லில் உழைத்து வாங்கிய அரை ஏக்கர், ஒரு வரி விட்டுப் போனதால் கைவிட்டுப் போகக் கூடாது. பிழையைத் திருத்தச் சட்டம் இன்றும் இடம் கொடுக்கிறது. ஆனால் எழுவினாக்கள் வரையும் நாளுக்கு முன்பே அதைக் கேட்டுவிட வேண்டும். அடுத்த முறை ஊருக்குப் போகும்போது, கோவிலுக்குப் போகும் முன் வக்கீல் ஆபீசுக்குப் போய்ப் பிராதின் நகலைக் கேட்பது நல்லது.